பூட்டிய அறையின் பெயர்ப்பலகை

தீர்ப்புச் சொல்ல நாக்குத் துடிக்கிறவர்கள் கொஞ்சம் பொறுத்துக் கேளுங்கள். கதை சின்னதுதான். ஆனால் கேட்டவர்களில் பாதிப் பேர் இன்னும் ஒருவரோடு ஒருவர் வாதாடிக்கொண்டிருக்கிறார்கள்.

திருச்செங்கோட்டில் பூபதி என்று ஒருவன். ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டியில் வேலை. வண்டி வடக்கே கிளம்பினால் திரும்பி வர நான்கு மாதம் ஆகும். வீட்டில் இருக்கிற மழைக்காலத்தில் அவனும் மனைவி மேகலாவும் டிவியோடு ஆட்டப் பெட்டியை இணைத்து ஒரு வீடியோ கேம் ஆடுவார்கள். வெட்டுக் குத்து இல்லாத ஆட்டம். நிலம் உழுது, வீடு கட்டிக் குடியிருக்கிற ஆட்டம். அதை அவன் விலைக்கு வாங்கவில்லை, வருடச் சந்தாவில் சேர்ந்திருந்தான். சந்தா இருக்கும்வரை நூறு ஆட்டங்கள் திறந்திருக்கும். தீர்ந்தால் அத்தனையும் பூட்டிக்கொள்ளும்.

மேகலாவுக்கு ஐந்தாம் மாதம் நடந்தபோது பூபதி அந்த ஆட்டத்து வீட்டில் ஓர் அறையைச் சேர்த்துக் கட்டினான். கட்டிக் கதவையும் சாத்திவிட்டு மனைவியைக் கூப்பிட்டான்.

"உள்ளார பாப்பாவுக்குப் பேர்ப்பலகை மாட்டியிருக்கறேன். பொறந்தப்புறம் மடியில வச்சுக்கிட்டுத்தான் நீ கதவத் தெறக்கோணும். அதுவரைக்கும் எட்டிக்கூடப் பார்க்கப்படாது" என்றான். அவள் சிரித்துக்கொண்டே அவன் கையில் அடித்துச் சத்தியம் செய்தாள்.

மழைக்காலம் முடிந்து வடக்கே கிளம்பிய பயணத்தில், நாக்பூரைத் தாண்டி வண்டி கவிழ்ந்தது. பூபதி பிணமாகத்தான் ஊர் வந்து சேர்ந்தான்.

பிரசவத்துக்கு இன்னும் ஒரு மாதம் இருக்கையில், டிவியைப் போட்டால் ஓர் அறிவிப்பு. செவ்வாய்க்கிழமை மாலை ஆறு மணிக்குச் சந்தா முடிகிறது என்றது. புதுப்பிக்கலாம் என்றால் கடவுச்சொல் பூபதியோடு போய்விட்டது. அவர்கள் வீட்டில் பூட்டுவதும் அழிவதும் ஒன்றுதான் என்று எல்லோரும் நம்பிவிட்டார்கள்.

மேகலா அழுது ஓய்ந்தாள். கதவைத் திறந்தால் வாக்குப் போகும், திறக்காவிட்டால் பெயர் போகும். "அவரு வச்ச பேரும் போயிருச்சுன்னா எம் பிள்ளைக்கு அப்பன்னு சொல்லிக்க என்ன இருக்குது?" என்று கேட்டாள்.

அதற்குப் பதில் சொன்னவள் பூபதியின் தங்கை ஜோதிமணி. "சத்தியம் பண்ணினது நீங்கதானுங்க அண்ணி, நானில்லையே. தொட்டில்ல போட்டுக் காதுல பேர் சொல்றது எப்படியும் அத்தைதான். நான் பார்த்து மனசுல வச்சுக்கறேன்."

மேகலா எழுந்து போய் அடுப்படியில் சுவரைப் பார்த்து உட்கார்ந்தாள். ஜோதிமணி ஜாய்ஸ்டிக்கை எடுத்துக் கதவைத் திறந்தாள். உள்ளே ஒரு தொட்டில், ஒரு ஜன்னல், சுவரில் ஒரு பலகை. பலகையில் ஓர் எழுத்துக்கூட இல்லை. பின்பக்கம் போய்ப் பார்த்தாள். தொட்டிலுக்கு அடியிலும் பார்த்தாள். அண்ணன் இன்னும் பெயரை முடிவு செய்திருக்கவில்லை என்று அவளுக்குப் புரிந்தது.

"பார்த்துட்டியா ஜோதி?" என்று அடுப்படியிலிருந்து குரல் வந்தது.

"பார்த்துட்டேனுங்க அண்ணி."

"நல்ல பேரா?"

நிறைமாதக்காரியிடம் எதைச் சொல்வது? "நல்ல பேருங்க" என்றாள். ஆறு மணிக்கு ஆட்டத்தின் மேல் பூட்டுப் படம் வந்து விழுந்தது.

அடுத்த ஒரு மாதமும் ஜோதிமணி தான் வேலை பார்க்கும் விசைத்தறிக்கு முன்னால் நின்று பெயர் தேடினாள். பெண் குழந்தை பிறந்தது. தொட்டில் போட்ட அன்று குழந்தையின் காதில் மூன்று முறை "சாரல்" என்று சொன்னாள். "பூமிக்குள்ள தண்ணி தேடின மனுசன், பிள்ளைக்கு மழையப் பேரா வச்சிருக்காரு" என்று சொல்லிச் சொல்லி மேகலா அழுதாள். புருஷன் செத்த பிறகு அவள் நிம்மதியாகச் சாப்பிட்டது அன்றைக்குத்தான். ஜோதிமணிக்குத்தான் சோறு இறங்கவில்லை.

ஐந்து மாதம் கழித்து, பூபதியோடு வண்டி ஓட்டிய செங்கோட்டுவேல் குழந்தையைப் பார்க்க வந்தான். நடந்ததைக் கேட்டுவிட்டு, "அட, பூட்டினா அழிஞ்சிருமா அம்மிணி? கட்டின வீடு அந்த ஆட்டப் பெட்டிக்குள்ளதான் இருக்கும். அந்த ஆட்டத்த விலைக்கு வாங்கி டிஸ்க்கப் போட்டா தானாத் தெறந்துக்கும்" என்றான். சொன்னதோடு நிற்காமல், மறுநாளே டிஸ்க்கும் கையுமாக வந்து நின்றான்.

அன்று மாலை தறியிலிருந்து வந்த ஜோதிமணி வாசற்படியிலேயே நின்றுவிட்டாள். டிவியில் அந்த வீடு. மேகலா வாக்குக் கொடுத்தபடியே குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு, அறைக் கதவைத் திறந்தாள். வெறும் பலகையை வெகுநேரம் பார்த்தாள். பிறகு திரும்பினாள்.

"ஜோதி, எம் பிள்ளைக்குப் பேர் வச்சது யாரு?"

ஜோதிமணி தலையைக் குனிந்துகொண்டாள். செங்கோட்டுவேல், நல்லது செய்யப் போய் என்ன செய்துவிட்டோம் என்று தெரியாமல் விழித்தான்.

இப்போது சொல்லுங்கள். இந்த மூவரில் யார் செய்தது சரி? சாரல் என்ற பெயர் நிற்க வேண்டுமா, மாற வேண்டுமா?

எனக்குப் பட்டதைச் சொல்கிறேன். வாக்குக் கொடுக்காத ஜோதிமணி உள்ளே பார்த்தது குற்றமில்லை. பெயர் சொன்னதும் குற்றமில்லை, அத்தைக்கு அந்த உரிமை உண்டு. தான் தேடிய பெயரை அண்ணன் வைத்ததாக நம்பவிட்டதுதான் குற்றம். பெற்றவள் தன் பிள்ளைக்குப் பெயர் தேடுகிற பாக்கியத்தை அது பறித்துவிட்டது. செங்கோட்டுவேல் தெரிந்து எதையும் உடைக்கவில்லை, அவனை விட்டுவிடுங்கள். பறிகொடுத்தவள் மேகலா, ஆகவே தீர்ப்பும் அவளுடையது. அவள் மெல்ல "சாரல்" என்று கூப்பிட்டுப் பார்த்தாள். மடியில் கிடந்த பிள்ளை சட்டென்று தலையைத் திருப்பி, அம்மாவின் முகத்தைப் பார்த்துச் சிரித்தது. மேகலா ஜாய்ஸ்டிக்கை ஜோதிமணியிடம் நீட்டி, "அந்தப் பலகையில நீயே எழுதிரு" என்றாள்.