வாய்தா நாள் சோறு

"எனக்கு விடுதலை வாங்கித் தரப் பார்க்கிறாங்க அம்மை. எப்படியாவது தடுக்கணும்" என்றார் குழந்தைவேலு.

சின்னம்மை பூசணிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். மலையடி மடத்துக்கு அவள்தான் குரு. சீடர் குழந்தைவேலுவுக்கோ அவளைவிட இருபது வயது கூடுதல்.

"எங்கிருந்து விடுதலை?"

"கேஸ்லருந்து."

கேஸ் இதுதான். குழந்தைவேலுவின் அண்ணன் மகனைக் கட்டிய பூங்கோதை, கொண்டுவந்த நகை பத்தவில்லை என்று அந்த வீட்டில் படாத பாடு பட்டாள். கடைசியில் போலீசுக்குப் போனாள். வீட்டார் யார் யார் என்று கேட்டதற்குக் கல்யாணப் பத்திரிகையை நீட்டினாள். ஏட்டு அதில் அச்சாகியிருந்த அத்தனை பேரையும் வழக்கில் இறக்கிவிட்டார்.

கடைசிப் பெயர், சித்தப்பா குழந்தைவேலு. ஒண்டிக்கட்டை. அந்தப் பத்திரிகையே கல்யாணம் முடிந்த பிறகுதான் தபாலில் அவர் கைக்கு வந்தது.

"கல்யாணத்துக்குக் கூப்பிடாதவங்க வாய்தாவுக்கு வேன் அனுப்புறாங்க அம்மை! ஜன்னலோர சீட்டு எனக்குத்தான். கோர்ட்டு வராந்தாவுல வட்டமா உக்காந்து புளியோதரை. 'ஏய், கொழுந்தனாருக்கு இன்னொரு வடை வைங்க'ன்னு மதினி சத்தம் போடுவாங்க. அப்புறம் பேர் கூப்பிட டவாலி வருவான்."

குழந்தைவேலு எழுந்து நின்று, வயிற்றை முன்தள்ளி, டவாலியாகவே ஆகிவிட்டார்.

"குழந்தைவேலூ... குழந்தைவேலூ... குழந்தைவேலூஊஊ!"

மடத்துக் கூரையிலிருந்த காக்கைகள் பறந்தன.

"என் பேரை அப்படி யாரு கூப்பிட்டிருக்கா?"

சின்னம்மை சிரிக்கவில்லை. பூசணி விதையை வழித்துப் போட்டாள்.

"இப்ப வக்கீல் வந்து," குரல் மூக்குக்கு ஏறியது, "'நீங்க இன்னது செஞ்சீங்கன்னு புகார்ல ஒரு வரி கிடையாது சார். ஹைகோர்ட்ல மனு போட்டா உங்க மேல உள்ளது ரத்து. அந்த வீட்டோட எந்தப் போக்குவரத்தும் இல்லை, தனியே வசிக்கிறேன்னு கையெழுத்துப் போடுங்க. தனியா இருக்கறதுதான் சார் உங்க பலமே!'ங்கறாரு."

மூக்குக் குரல் இறங்கி அவர் சொந்தக் குரல் ஆனது. அது மிகச் சின்னதாக இருந்தது.

"அதுல கையெழுத்துப் போட்டா, அப்புறம் எனக்கு யாரு அம்மை இருக்கா?"

"அந்தப் பொண்ணு எங்க உக்காந்து சாப்பிடுது?"

"எந்தப் பொண்ணு?"

சின்னம்மை கத்தியைக் கீழே வைத்தாள்.

"அடுத்த வாய்தாவுக்குப் போயி பாத்துட்டு வா."

போனார். வேன், ஜன்னல், புளியோதரை, எல்லாம் இருந்தன.

பைக்குகள் நிற்கும் பக்கம், சிமெண்டுத் திண்டில் பூங்கோதை இருந்தாள். காதில் கம்மலுக்குப் பதில் ஈர்க்குச்சி. பக்கத்தில் ஒரு துணிப்பை. இவர்கள் சிரிப்பு உயரும்போதெல்லாம் அந்தப் பைக்குள் எதையோ தேடுவாள். எடுக்கமாட்டாள்.

"திமிரைப் பாத்தீங்களா கொழுந்தனாரே, இந்தப் பக்கம் திரும்புறாளான்னு!" என்றபடி மதினி வடையை வைத்தாள்.

வடை இலையிலேயே கிடந்தது.

மடத்துக்கு வந்ததும் சின்னம்மை கேட்டாள்:

"பாத்தியா?"

"பாத்தேன்."

"கூட யாரு?"

"யாருமில்ல."

"பக்கத்துல இடம் இருந்துச்சா?"

குழந்தைவேலு தோள் துண்டை எடுத்து மடித்தார்.

"இருந்துச்சு."

சின்னம்மை அடுப்பைப் பார்க்கப் போய்விட்டாள்.

மறுநாள் கையெழுத்துப் போட்டார். மதுரை ஹைகோர்ட்டில் மனு ஜெயித்தது, அவர் மேலிருந்த வழக்கு மட்டும் ரத்தானது. வக்கீல் கையைக் குலுக்கி, "இனிமே நீங்க யாரோ, அவங்க யாரோ சார்!" என்றார்.

அடுத்த வாய்தாவுக்கு வேன் அவருக்காக நிற்கவில்லை. வாசலில் நின்றிருந்தவர் அது திரும்பி மறையும்வரை பார்த்தார். பிறகு எலுமிச்சைச் சாதப் பொட்டலத்தோடு டவுன் பஸ் ஏறினார்.

டவாலி வந்தான். அண்ணன் பெயர், மதினி பெயர், பையன் பெயர். குழந்தைவேலு என்று யாரும் கூப்பிடவில்லை. வராந்தாவிலிருந்து மதினி பார்த்தாள், முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

அவர் சிமெண்டுத் திண்டின் ஓரத்தில் போய் உட்கார்ந்தார். பூங்கோதை துள்ளி எழுந்தாள்.

"நீங்க அவங்க சித்தப்பாதானே? சமாதானம் பேச அனுப்பினாங்களா?"

"இல்லம்மா."

"மிரட்டவா?"

"இல்ல."

"பின்ன, யாரு நீங்க?"

குழந்தைவேலு பொட்டலத்தைப் பிரித்தார். சாதத்தை நடுவில் வகிர்ந்து, ஒரு பாதியை இலையோடு கிழித்துத் திண்டின் மேல் வைத்தார்.

"அவங்களுக்கு நான் யாருமில்லையாம். கோர்ட்டே எழுதிக் குடுத்திருச்சு."

அவள் அவரைப் பார்த்தாள். இலையைப் பார்த்தாள். பிறகு உட்கார்ந்து, நடுவில் இருந்த துணிப்பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.