பெரியவர் பார்த்த குளம்

தென்னடிவாரக் காட்டில் ஒரு குளம் இருந்தது. இரண்டு கோடைக்கு முன்னால் மலையிலிருந்து உருண்டு வந்த பாறை ஒன்று அந்தக் குளத்துக்குத் தண்ணீர் வரும் ஓடையை அடைத்துக்கொண்டது. அதை நகர்த்த யானையால்தான் முடியும். யானைகளெல்லாம் தொலைவில் பெருங்காட்டில் இருந்தன. மொத்தக் காட்டையும் ஆண்டுவந்த தும்பிக்கைக் கட்சியும் அவர்களுடையதுதான்.

அந்தக் கட்சியின் தென்னடிவாரச் செயலாளர் ஈட்டியப்பன் என்ற முள்ளம்பன்றி. ஊருக்குள் நடக்கும்போது அவன் முள்ளெல்லாம் விறைத்து நிற்கும். கட்சித் தலைவரான பெரிய யானைக்கு முன்னால் போய்விட்டாலோ அத்தனை முள்ளும் முதுகோடு ஒட்டிப் படுத்துக்கொள்ளும். அப்படிப் படுக்கத் தெரிந்ததால்தான் புதர்ச் செயலாளராக இருந்தவன் ஓடைச் செயலாளரானான். ஓடையில் தண்ணீர் நின்ற பிறகு, கொடுமை, அடிவாரத்துக்கே செயலாளரானான்.

அவனுக்காக முதன்முதலில் ஓட்டுக் கேட்டுப் புதர் புதராக அலைந்தவள் ஆம்பல் என்ற நீர்க்கோழி. "நம்ம பய, நமக்குச் செய்வான்" என்று அவள் போய்ச் சொல்லாத வளை கிடையாது. இப்போது அவளுடைய குஞ்சுகள், குளத்து நடுவில் மிஞ்சியிருந்த ஒரு குட்டையில் கிடந்தன. அவற்றுக்கு இன்னும் பறக்கத் தெரியாது. நடத்திக் கூட்டிப்போகலாம் என்றால் வழியெல்லாம் நரியும் பருந்தும். குட்டை வற்றினால் குஞ்சுகள் போச்சு.

ஈட்டியப்பன் பெருங்காட்டுக்குப் போகும்போதெல்லாம் ஆம்பல் பாறையை ஞாபகப்படுத்துவாள். "சமயம் பார்த்துச் சொல்றேன் அக்கா" என்று போவான். திரும்பி வரும்போது முதுகு முள்ளில் குத்திக் கிழிந்த பொன்னாடை ஒன்று தொங்கும். சொன்னாயா என்று கேட்டால், ஐயா சந்தோஷமாக இருந்தார், அதைக் கெடுக்க மனசு வரவில்லை என்பான். அடுத்த தடவை கேட்டால், ஐயா கோபமாக இருந்தார், அப்போது போய்ச் சொல்ல முடியுமா என்பான். சிரித்தாலும் சொல்ல முடியாது, முறைத்தாலும் சொல்ல முடியாது. அப்புறம் என்ன இழவுக்குச் செயலாளர் என்று ஆம்பலுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

"மேற்கடிவாரத்து உடும்பைப் பாருங்க அக்கா" என்று வேறு புத்தி சொல்வான். "போற இடத்திலெல்லாம் தண்ணி இல்ல, தண்ணி இல்லன்னு அழுது அழுதே இன்னும் ஓடைச் செயலாளராவே கெடக்கான்."

இப்படி இருக்கையில் பெரியவரே சுற்றுப்பயணம் வருகிறார் என்று செய்தி வந்தது. ஆம்பலுக்குத் தலைகால் புரியவில்லை. இனி யாரும் யாரிடமும் எதையும் சொல்ல வேண்டாம். வெடித்துக் கிடக்கும் குளத்தைப் பெரியவர் கண்ணால் பார்த்தால் போதும் என்று நினைத்தாள்.

ஈட்டியப்பனுக்கோ வேறு கவலை. குளம் இந்த லட்சணத்தில் கிடந்தால், செயலாளர் இத்தனை நாள் என்ன கிழித்தான் என்று பெரியவர் கேட்க மாட்டாரா? உடனே ஊரைக் கூட்டினான். பாதையோரம் குளத்தில் ஒரு பள்ளம் இருந்தது. எங்கெங்கே ஈரம் இருக்கிறதோ அத்தனையையும் தோண்டி இறைத்து அந்தப் பள்ளத்தை நிரப்ப வேண்டும் என்று உத்தரவு போட்டான். முயல்கள் ஊற்றுத் தோண்டின. மந்திகள் இலைத் தொன்னையில் மொண்டன. கரடி மூங்கில் குழாயில் சுமந்தது. தாமரை கூட எங்கிருந்தோ பறித்து வந்து சேற்றில் நட்டார்கள். வெடித்த மிச்சக் குளம் கண்ணில் படாதபடி நாணலை வெட்டி மறைப்புக் கட்டினார்கள். நம்ம ஆள் மேலே போனால் நமக்குத்தானே நல்லது என்று எல்லாரும் சொல்லிக்கொண்டார்கள்.

கடைசியில் பள்ளம் நிரம்ப ஒரு சாண் தண்ணீர் குறைந்தது. ஈட்டியப்பன் ஆம்பலின் குட்டைக்கு வந்தான். அவள் இறக்கையை விரித்துக் குறுக்கே நின்றாள்.

"ஒரே ஒரு நாள் அக்கா. அவர் மனசு குளிரட்டும். குளிர்ந்த கையோட பாறையைக் கேட்டு வாங்கிடுறேன். எங்கம்மா மேல சத்தியம்."

சுற்றி நின்றவர்களும் விட்டுக்கொடு, விட்டுக்கொடு என்று நச்சரித்தார்கள். ஆம்பல் விலகினாள். தான் ஓட்டுக் கேட்டுக் கொண்டுவந்த பயல், இந்த ஒரு தடவையாவது செய்வான் என்று நம்பினாள். குஞ்சுகள் சேற்றில் நின்று கத்த, மந்திகள் குட்டையைத் துடைத்து மொண்டு போயின.

பெரியவர் வந்தார். கூடவே வாட்டசாட்டமான இரண்டு கொம்பன் யானைகள் வந்தன. பள்ளத்தையும் தாமரையையும் பார்த்துப் பெரியவர் அசந்துபோனார்.

"தென்னடிவாரத்துல தண்ணி வத்திப்போச்சுன்னு காத்துவாக்குல ஒரு சேதி வந்துச்சு. அதான் ஏதாவது அடைப்பு இருந்தா எடுத்துவிடலாம்னு இந்த ரெண்டு பேரையும் கூட்டிட்டு வந்தேன். ஏதாவது குறை உண்டா?"

ஆம்பல் கழுத்தை எக்கினாள். சொல்லடா, இப்போது சொல்லடா என்று ஈட்டியப்பனைப் பார்த்தாள். ஆனால் பாறை அடைத்திருக்கிறது என்று இப்போது சொன்னால், இந்தத் தண்ணீர் ஏது என்ற கேள்வி வருமே! அவன் முள்ளெல்லாம் முதுகோடு படுத்துவிட்டது.

"ஐயா ஆட்சியில குறையா? பாருங்க, தளும்புது!"

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கமாட்டான் என்பது இதுதான். ஆம்பலால் பொறுக்க முடியவில்லை. கூட்டத்தைப் பிளந்துகொண்டு முன்னால் ஓடினாள்.

"ஐயா, இது குளம் இல்லைங்க! எங்க வாயில கெடந்த தண்ணி. எங்க பிள்ளைங்க குடிக்கிற தண்ணி. ஊரே சுமந்து ஊத்தினோம்."

பெரியவர் காதை விரித்தார். அப்படியா என்று கூட்டத்தைப் பார்த்துக் கேட்டார். ஈட்டியப்பன் அவருக்கு எதிரே குனிந்தபடியே இருந்தான். ஆனால் கூட்டத்தின் பக்கம் இருந்த முள் மட்டும் சடசடவென்று விறைத்தது. மந்திகள் மரத்தைப் பார்த்தன. கரடி தன் நகத்தைப் பார்த்தது. பின்னாலிருந்து யாரோ "பெரியவர் வாழ்க!" என்று கத்த, அப்பாடா என்று எல்லாரும் சேர்ந்து கத்தினார்கள்.

எதிர்க்கட்சிக் கோழி போலிருக்கிறது என்று பெரியவர் சிரித்தார். "ரொம்ப சந்தோஷம்" என்றார். மேற்கே உடும்பு பாவம், வாய் ஓயாமல் அழுகிறான், அவனுக்குத்தான் ஏதாவது செய்ய வேண்டும் என்று சொல்லி இரண்டு கொம்பன்களையும் அங்கே அனுப்பினார். பிறகு வந்த களைப்புத் தீர அந்தப் பள்ளத்தில் இறங்கிக் குளித்தார். தும்பிக்கையால் உறிஞ்சிக் குடித்தார். அவர் கரையேறும்போது அடியில் சேறும், சாய்ந்துபோன தாமரையும்தான் மிச்சம். தன் ஊரை இப்படிச் செழிப்பாக வைத்திருக்கும் ஈட்டியப்பனை அங்கேயே, அதே சேற்றங்கரையில், தண்ணீர் மந்திரியாக அறிவித்தார்.

உள்ளதும் போச்சுடா நொள்ளைக் கண்ணா என்று ஊர் நின்றது. அப்புறம்தான் புத்தி வந்து, மந்திரியிடமே போய்ப் பாறையைக் கேட்டார்கள். குளம் தளும்புகிறது என்று நேற்றுச் சொன்ன வாயால் இன்றைக்கு எப்படி இல்லை என்று சொல்வது, கொஞ்ச நாள் போகட்டும் என்றார் மந்திரி.

ஆம்பல் கொஞ்ச நாளுக்குக் காத்திருக்கவில்லை. குஞ்சுகளை முன்னால் விட்டு மேற்கே நடந்தாள். அங்கே கொம்பன்கள் ஓடையைத் திறந்துவிட்டிருந்தார்கள். கிளம்பிய குஞ்சுகளில் கடைக்குட்டி மட்டும் போய்ச் சேரவில்லை. வழியில் பருந்து கொண்டுபோயிற்று. பின்னாலேயே முயல்களும் மந்திகளும் கரடியும் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு மேற்கே வந்து சேர்ந்தார்கள்.

அடுத்த தேர்தல் வந்தது. ஈட்டியப்பன் ஓட்டுக் கேட்கத் தென்னடிவாரத்துக்கு வந்தான். கூப்பிட்டான், முள்ளை விறைத்தான், ஒரு வளையிலும் ஆள் இல்லை. ஓட்டே இல்லாத அடிவாரத்துக்கு மந்திரி எதற்கு என்று பெரியவர் அவனை நீக்கிவிட்டு, உடும்பைக் கூப்பிட்டு உட்காரவைத்தார்.

தாகத்தோடு அலைந்து அலைந்து ஈட்டியப்பன் மேற்கடிவாரக் குளத்துக்கு வந்தான். முள்ளில் கிழிந்த பொன்னாடை இன்னும் தொங்கியது. கரையில் ஆம்பல் நின்றாள். வளர்ந்த பிள்ளைகள் அவளுக்குப் பின்னால் தண்ணீரில் நீந்திக்கொண்டிருந்தன. அவளைப் பார்த்ததும், வாழ்க்கையில் முதல்முறையாக, அவன் முள்ளெல்லாம் அவள் முன்னால் படுத்துக்கொண்டது.

 ஆம்பலுக்கு வராமல்போன கடைக்குட்டியின் நினைப்பு வந்தது.

"என்ன தம்பி, ஏதாவது குறை உண்டா?"

அவன் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டியிருந்தது. ஆனாலும் பழக்கதோஷம் விடுமா?

"ஒரு குறையும் இல்லக்கா" என்றான்.

"ரொம்ப சந்தோஷம்" என்று சொல்லிவிட்டு ஆம்பல் தன் பிள்ளைகளிடம் நீந்திப் போனாள்.

ஊர்க்குறையை மறைத்துப் பதவி ஏறுகிறவனும், அதை மறைக்கத் தண்ணீர் சுமந்து ஊற்றுகிறவர்களும், கடைசியில் ஒரே தாகத்தில்தான் வந்து நிற்பார்கள்.