செருப்புப் பூவுக்குள்ள ஒரு தேனீ

"சாமி, நான் ஒரு மோசடி பண்ணிட்டேன்."

"மெதுவாப் பேசும் அண்ணாச்சி. உள்ள தேனீ இருக்கு."

இருமல்சாமி குப்புறப் படுத்திருந்தாரு. மூஞ்சி பாசிக்குள்ள, பின்பக்கம் வானத்தப் பாத்து. தூரத்துல இருந்து பாத்தா, யாரோ கம்பளி மூட்டைய மலையில எறக்கி வச்சுட்டு மறந்து போயிட்டாங்கன்னுதான் தோணும்.

கொம்பையா நின்னு மூச்சு வாங்குனாரு. மடத்துல இருந்து இந்தத் தேவதாரு மரத்தடி வரைக்கும் ஓட்டமா ஓடி வந்திருக்காரு. வயசு அம்பத்தி நாலு. சாமிக்கு முப்பத்தெட்டு. சிஷ்யனுக்குத்தான் வயசு கூட. அதனால குரு சிஷ்யன அண்ணாச்சிம்பாரு, சிஷ்யன் குருவ சாமிம்பாரு. ரெண்டு பேருமே தெக்கத்தி ஆளுங்க. எப்படியோ வந்து இமயமலைக் குளிர்ல கெடக்காங்க.

"சாதாரண மோசடி இல்ல சாமி. உங்கள மாதிரியே பேசிட்டேன்."

"படும்."

"என்னது?"

"பக்கத்துல படும். நின்னா நெழலு விழுது."

கொம்பையா படுத்தாரு. ஈரம், சட்டை பனியன் தொப்பைன்னு ஒவ்வொண்ணா விசாரிச்சுக்கிட்டே உள்ள போச்சு.

மூக்குக்கு நேரா ஒரு பூ. ஒரு சாண் ஒசரச் செடி. அதுல வெள்ளையா, உப்பலா, கைக்கொழந்தை செருப்பு மாதிரி ஒரு பை. ரெண்டு பக்கமும் முறுக்கு மீசையாட்டம் பச்சை இதழு. பக்கத்துல இன்னும் நாலஞ்சு பூத்து நின்னுச்சு. இங்கத்த மலைப்பிள்ளைங்க இதச் செருப்புப் பூம்பாங்க. போன வருஷம் வந்த காட்டிலாகா ஆபீசர்தான் இது ஆர்க்கிட்டுன்னு அடிச்சுச் சொல்லிட்டுப் போனாரு.

கொம்பையா ஒத்துக்கல. ஆர்க்கிட்டுன்னா கல்யாண ஸ்டேஜுல ஊதாக் கலர்ல கட்டித் தொங்க விட்டிருப்பாங்களே, அது. ஏழு மாசம் பனிக்கடியில பொதஞ்சு கெடந்துட்டு, ஜூன் மாசம் செருப்பாட்டம் எட்டிப் பாக்குறது எப்படி ஆர்க்கிட் ஆகும்?

வெத விழுந்து மொதப் பூ பூக்கப் பத்துப் பன்னெண்டு வருஷங்கூட ஆகும்னு வேற சொன்னாரு ஆபீசர். கொம்பையா மடத்துக்கு வந்து அப்ப பத்து வருஷம். கேட்டதும் லேசா நிமிந்து உக்காந்துக்கிட்டாரு.

பூவுக்குள்ள ர்ர்ர்ருனு சத்தம்.

"மாட்டிக்கிச்சு சாமி."

"ம்."

"எடுத்து விடட்டா?"

சாமி அவரு கையில பட்டுனு ஒண்ணு போட்டாரு. "மோசடியச் சொல்லும்."

கொம்பையா, காவி கட்டுறதுக்கு முன்னாடி கோயில் கொடைத் திருவிழாவுல மிமிக்ரி பண்ணிக்கிட்டு இருந்தவரு. கோழி, கண்டக்டர், ரிப்பேரான மைக் செட்டு, சம்பந்தி வீட்டுக்காரி, எல்லாம் அவரு தொண்டையிலதான் குடியிருந்துச்சு. மடத்துக்கு வந்தப்ப வீட்ட விட்டாரு, கறி மீன விட்டாரு. தொண்டைய மட்டும் கழட்டி வைக்க முடியல.

"நீங்க காலையிலயே பூ பாக்க வந்துட்டீங்களா. உங்க பெரிய கம்பளி சும்மா கெடந்துச்சு. ஒரு வெளையாட்டுக்குத்தான் சாமி. தலையோட போத்திக்கிட்டு உங்க எடத்துல உக்காந்தேன்."

"வெதவெதன்னு இருந்திருக்குமே."

"இருந்துச்சு. அப்பப் பாத்து கோவில்பட்டிப் பக்கத்துல இருந்து ஒரு டூர் பஸ்ஸு. முப்பது பேரு. திமுதிமுன்னு உள்ள வந்து, சாமீன்னு கால்ல விழுந்துட்டாங்க. எந்திரிக்க வழியில்ல."

சாமி எப்பவும் மூஞ்சி மறைய இழுத்துப் போத்திக்கிட்டுத்தான் உக்காருவாரு. உள்ள இருக்கிறது சாமியா அரிசி மூட்டையான்னு அவரு இருமுனாத்தான் தெரியும். இருமிட்டுத்தான் பதிலும் சொல்லுவாரு. பேரே அப்படி வந்ததுதான்.

"இருமுனீரா?"

"இருமிட்டேன்."

"இருமும், பாப்பம்."

கொம்பையா வெக்கப்பட்டுக்கிட்டே இருமுனாரு. பெருசா ரெண்டு. அப்புறம் எண்ணெய் காணாத கதவு மாதிரி கீச்சுனு சின்னதா ஒண்ணு.

சாமிக்கு மொகமெல்லாம் பல்லு. "அந்தக் கடைசிக் கீச்சு எங்க சாமியோடது வே! எனக்கு அது சரியா வந்ததே இல்ல. எங்க புடிச்சீரு?"

"உங்ககிட்டதான். அரைகுறையாக் கெடந்துச்சு. நானா முழுசாக்கிக்கிட்டேன். அது என்ன, உங்க சாமி?"

"எனக்கு குருவா இருந்தவரு. அவருக்கு நெஞ்சுச் சளி. நெசமாவே இருமுவாரு. நான் பக்கத்துலயே கெடந்து எடுத்துக்கிட்டேன். எனக்கு ஏதுவே இருமல்? குத்துக்கல்லாட்டம் இருக்கேன்."

கொம்பையா பொசுக்குனு தலையத் தூக்குனாரு. அந்த இருமலுக்கு அவரு பதினோரு வருஷமா சுக்குக் கஷாயம் காய்ச்சிக் குடுத்திருக்காரு.

"அப்ப கஷாயம்?"

"அது நல்லாருக்கும். நிறுத்திராதீரும்."

பூ ஒரு ஆட்டம் ஆடி நின்னுச்சு. உள்ள தேனீ வழுக்கி வழுக்கி விழுறது தெரிஞ்சுது.

"கேள்வி கேட்டது யாரு?"

"முப்பிடாதின்னு ஒரு அம்மா." கொம்பையா தொண்டையச் செருமுனாரு. அடுத்த வார்த்தையில இருந்து முப்பிடாதியம்மாவே பக்கத்துல படுத்திருந்த மாதிரி இருந்துச்சு. "'சாமி, எந் தங்கச்சி சண்முகத்தாயி அவ மக கல்யாணத்துக்குப் பத்திரிகை அடிச்சா. மாப்ள வீட்டுல ஒண்ணுவிட்ட சித்தப்பன் பேருகூட இருக்கு. சொந்தப் பெரியம்மா எம் பேரு இல்ல. அன்னைக்கோட பேச்ச விட்டேன். ஒம்போது வருஷம். இப்ப இதே டூர்ல அவளும் வந்திருக்கா. ஏறி உக்காந்தப்புறந்தான் பாத்தேன். பன்னெண்டு நாளா ஒரு பஸ்ஸு. ஒரு வார்த்த இல்ல. ஜன்னலச் சாத்தணும்னாக்கூட நான் டூர் சமையக்காரர்கிட்ட சொல்லி, அவரு அவகிட்ட சொல்லுதாரு. நேத்து ஏத்தத்துல அவளுக்கு மூச்சு முட்டிருச்சு. கற்பூரத்தத் துணியில முடிஞ்சு வச்சிருந்தேன். அதக்கூட சமையக்காரர் கையிலதான் குடுத்து விட்டேன். மூணு சீட்டு தள்ளித்தான் இருக்கா சாமி. நான் பேசவா, வேண்டாமா?'"

சாமி பூவ விட்டுத் தலையத் திருப்புனாரு.

"நீரு என்ன சொன்னீரு?"

"வேண்டாம் சாமி."

"சொல்லும்வே."

"'கம்பளிக்கு எதுக்குத் தாயி பொத்தான்?'னுட்டேன்."

சாமி வாய்க்குள்ளயே ஒரு தடவ சொல்லிப் பாத்தாரு. "நல்லாத்தானே இருக்கு."

"அர்த்தம் எனக்கே தெரியாது சாமி! வாயில வந்துச்சு. உங்க பதிலெல்லாம் அந்தத் தினுசுலதானே இருக்கும்?"

"அந்தம்மா என்ன சொல்லிச்சு?"

"கண்ணு நெறஞ்சு போச்சு. 'புரிஞ்சிருச்சு சாமி'ன்னு முந்தானையில மூக்கச் சிந்திக்கிட்டு விறுவிறுன்னு எந்திரிச்சுப் போயிருச்சு. என்ன எழவு புரிஞ்சுதோ! பன்னெண்டு மணிக்கு பஸ்ஸக் கெளப்பிருவாங்க. நான் பாட்டுக்கு ஒண்ண ஒளறி, அந்தம்மா போயி ஏடாகூடமா எதாவது செஞ்சு, இனிமே ஜென்மத்துக்கும் பேசாமப் போயிட்டாளுவன்னா? அந்தப் பாவம் எந் தலையிலதான் விடியும். எந்திரிங்க சாமி. வந்து நெசமான பதிலச் சொல்லுங்க."

"வந்துருச்சு."

"பதிலா?"

"தேனீ."

பூவோட பின்பக்கம், காம்பு ஒட்டுற எடத்துல பொடி ஓட்டை ஒண்ணு இருந்துச்சு. அது வழியா மொதல்ல மீசை வந்துச்சு. அப்புறம் தலை. அப்புறம், தீவாளிக் கூட்டத்துல பின்படிக்கட்டு வழியா எறங்குற ஆள் மாதிரி நசுங்கிப் பிதுங்கி, கால உதறிக்கிட்டு மீதி ஒடம்பு. முதுகு பூரா மகரந்தம், மஞ்சப் பசையா.

"வயிறு முட்டத் தேன் குடிச்சிருக்குமோ?"

"அந்தப் பூவுல தேனே கெடையாது."

"இந்தப் பக்கத்துப் பூவுல?"

"எதுலயுங் கெடையாது. வாசம் மட்டுந்தான்."

கொம்பையாவுக்கு ரோஷம் பொத்துக்கிட்டு வந்துச்சு. "பனிக்குள்ள ஏழு மாசம் கெடந்து, பன்னெண்டு வருஷம் கழிச்சு வெளிய வந்து பண்ற வேலையா இது? என்னவிடப் பெரிய மோசடியா இருக்கே!"

தேனீ இதழு மேல உக்காந்து ரெக்கையத் தொடச்சுச்சு. மூஞ்சியத் தொடச்சுச்சு. நல்லா ஏமாந்த மூஞ்சி. அப்புறம் பறந்து போயி, அடுத்த செருப்புக்குள்ள பொதுக்குனு விழுந்துச்சு.

"சாமி, இதுக்கெல்லாம் அறிவுங்கிறதே கெடையாதா?"

"நீரு மடத்துக்கு வந்து எத்தன வருஷமாச்சு?"

"பதினொண்ணு."

சாமி பூவப் பாத்துக்கிட்டு இருந்தாரு. கொம்பையாவும் கொஞ்ச நேரம் பூவப் பாத்தாரு.

"அந்த மஞ்சப் பசை எதுக்கு சாமி?"

"அது முதுகுல இருக்கிறது தேனீக்கே தெரியாது."

கொம்பையாவுக்கு இப்ப இதுல மனசு போகல. முப்பிடாதியம்மா மூக்கச் சிந்துனதுதான் கண்ணுக்குள்ளயே நின்னுச்சு. "சரி சாமி. நீங்க உக்காந்திருந்தா அந்தம்மாவுக்கு என்ன பதில் சொல்லியிருப்பீங்க?"

சாமி யோசிச்சாரு. "'கெட்டில்ல தண்ணி கொதிக்கி'ன்னு சொல்லியிருப்பேன்."

"அதுக்கு என்ன அர்த்தம்?"

"தண்ணி கொதிக்கின்னு அர்த்தம்."

இந்த ஆளக் கட்டி மாரடிச்சா பஸ்ஸு போயிரும்னு தெரிஞ்சு போச்சு. கொம்பையா எந்திரிச்சு, கீழ ரோட்டப் பாத்து ஓடுனாரு. நான்தான் பேசுனேன், சாமி இல்ல, மிமிக்ரி, மன்னிச்சுக்குங்கன்னு சொல்லிப்புட வேண்டியதுதான். வழி நெடுக மனப்பாடம் பண்ணிக்கிட்டே போனாரு. எந்தக் குரல்ல மன்னிப்புக் கேக்குறதுன்னுதான் குழப்பம். சொந்தக் குரல் எதுன்னு மறந்து பல வருஷமாச்சு.

வளைவு திரும்புறதுக்கு முன்னாடியே சத்தம் வந்துருச்சு.

பஸ்ஸச் சுத்திக் கூட்டம். நடுவுல ரெண்டு பொம்பளைங்க, சேலைய இடுப்புல சொருகிக்கிட்டு, நேருக்கு நேரா. குளிருக்குப் பேச்செல்லாம் பொகையா வருது. ரெண்டு ரயில் இஞ்சின முகத்துக்கு முகம் நிறுத்துன மாதிரி இருந்துச்சு. டிரைவரு ஹார்ன் அடிச்சு ஓஞ்சுபோயி, எறங்கி பீடி பத்த வச்சுட்டாரு.

கொம்பையா கூட்டத்த விலக்கிக்கிட்டு உள்ள போனாரு. ஒம்போது வருஷம் அமைதியா இருந்த குடும்பம். ஒரு பொத்தானப் போட்டுக் குலைச்சாச்சு.

"தாயி, ஒரு நிமிஷம்! அந்தப் பதில் சொன்னது சாமி இல்ல, நான்தான்..."

அக்கா தங்கச்சி ரெண்டும் ஒரே நேரத்துல திரும்புச்சு. ஒரே குரல்ல கேட்டுச்சு.

"நீ யாருய்யா நடுவுல?"

கொம்பையா வந்த வேகத்துலயே மலையேறுனாரு. சாமி இன்னும் படுத்துத்தான் கெடந்தாரு.

"போச்சு சாமி! எல்லாம் போச்சு! நடுரோட்டுல சண்ட. முப்பது பேரும் வேடிக்க பாக்காங்க. ஒருத்திய ஒருத்தி கடிச்சுத் துப்பாத குறை."

"யாரு?"

"முப்பிடாதியும் சண்முகத்தாயும்தான்!"

சாமி மொத மொறையா எந்திரிச்சு உக்காந்தாரு. "செஞ்சு காட்டும்."

"சாமி, இதுவா நேரம்?"

"செஞ்சு காட்டும்வே."

தொண்டை அவரு பேச்சக் கேட்டாத்தானே. கொம்பையா கைய இடுப்புல வச்சு, இடது பக்கம் திரும்புனாரு. முப்பிடாதி வந்துட்டா.

"'ஏட்டி, எம் பேரப் போட உனக்குக் கை வலிச்சுதோ?'"

வலது பக்கம் திரும்புனாரு. சண்முகத்தாயி.

"'எழுதித்தான்க்கா குடுத்தேன். அச்சாபீஸ்ல விட்டுட்டான். சொல்ல வந்தா கதவச் சாத்திட்ட.'"

"'சாத்துனா தட்ட வேண்டியதுதானட்டி?'"

"'மூணு தடவ தட்டுனேன்.'"

"'நாலாவது தட்டு தட்டுனா கை ஒடஞ்சா போயிரும்?'"

"'தொறந்திருந்தா உங் கை ஒடஞ்சா போயிரும்?'"

"'வாய்க்கு மட்டும் கொறச்சல் இல்ல. மூச்சு முட்டுற ஒடம்ப வச்சுக்கிட்டு மலைக்கு எவ உன்ன வரச் சொன்னா? ஒதடெல்லாம் நீலம் பாஞ்சு போச்சு. ஸ்வெட்டர் எங்கட்டி?'"

"'பொட்டிக்குள்ள இருக்குக்கா.'"

"'எடுத்துப் போடுட்டி மூதி!'"

கொம்பையா நின்னுட்டாரு. வலது பக்கம் பாதி திரும்புன தலை அப்படியே நின்னுச்சு. வாயி தொறந்தது தொறந்தபடி.

"என்னவே நிறுத்திட்டீரு?" சாமி இன்னும் கிட்ட நகந்து உக்காந்தாரு. "தங்கச்சி ஸ்வெட்டர் போட்டாளா இல்லியா?"