ஜப்பானுக்குப் போய்க் குப்பை அள்ளிய குழு

இது எந்த ஊரிலும் நடந்திருக்கலாம் என்று சொல்லித் தப்பிக்க வழியில்லை. எங்கள் ஊதக்கரையில்தான் நடந்தது.

ஊருக்கு மேற்கே பன்னிரண்டு ஏக்கரில் தாழிமேடு இருக்கிறது. மூவாயிரம் வருஷத்துக்கு முன்னால் வாழ்ந்தவர்கள் செத்தவர்களைப் பெரிய மண்தாழிகளில் வைத்துப் புதைத்த இடம். நல்ல மழை பெய்தால் தாழிகளின் வாய் வெளியே தெரியும். அந்த மண்ணைச் செங்கல் சூளைக்காரர்கள் லாரி லாரியாக அள்ளிக்கொண்டிருந்தார்கள். பதினோரு வருஷம் துண்டறிக்கை, மறியல், சிறை என்று அலைந்த பிறகு ஒரு கலெக்டர் மனமிரங்கி மூன்று மாதத்துக்கு லாரிகளை நிறுத்தினார். ஒரு பாரம்பரியக் குழு அறிக்கை கொடுக்கட்டும், அதன்படி மேட்டைக் காப்பதா விடுவதா என்று முடிவு செய்கிறேன் என்றார்.

குழுவில் போராடியவர்கள் ஒருவரும் இல்லை. போராடியவர்களைப் போட்டால் பாரபட்சமாகிவிடுமாம். ஆகவே தாழிமேட்டை ஒருநாளும் எட்டிப் பார்த்திராத நால்வரைப் போட்டார்கள்.

தலைவர் வீரபாகு. 'எவருக்கும் தலைகுனியாத் தலைவர்' என்று தனக்குத் தானே சுவரொட்டி அடித்து, பிறகு அதைத் தானே படித்து நம்பியவர். செயலாளர் ஞானப்பிரகாசம், ஓய்வுபெற்ற அரசு ஊழியர். உத்தரவில் உள்ளதை எழுத்து மாறாமல் செய்வார், அதில் இல்லாததைத் தலைபோனாலும் செய்யமாட்டார். கவுன்சிலர் தில்லைநாயகி, எந்தத் தீர்மானத்தையும் வழிமொழிகிறவர். நான்காமவர் பிச்சுமணி. தான் ஏன் குழுவில் இருக்கிறோம் என்று அவருக்கே தெரியாது. கேட்டால் எடுத்துவிடுவார்கள் என்று அவர் கேட்கவில்லை.

கலெக்டர் அவர்களைக் கூப்பிட்டுச் சொன்னார்: "ஜப்பானில் ஜோமோன் காலம் என்று ஒன்று உண்டு. ஆயிரக்கணக்கான வருஷத்துக்கு முந்தைய அந்த ஊர்களை அங்கே அருமையாகக் காத்து வைத்திருக்கிறார்கள். சின்னச் சின்னக் குழுவாக அழைத்துப்போய்க் காட்டும் சுற்றுலா இருக்கிறது. போய் வாருங்கள். காப்பதற்கு அவர்கள் என்ன செய்கிறார்களோ, அதை வந்து எழுதிக் கொடுங்கள்."

அங்கே நடந்ததையெல்லாம் அவர்களே திரும்பி வந்து பாராட்டு விழா மேடையில் பெருமையாகச் சொன்னார்கள். அவர்கள் காதில் விழாததை, வழிகாட்டி பிறகு எங்களுக்கு எழுதிய கடிதத்தில் படித்தோம். நான் சேர்த்தது ஒன்றும் இல்லை. சேர்க்க இடமும் இல்லை.

வழிகாட்டியாக வந்தவர் ஹயாசகா என்ற பெண்மணி. மதுரையில் நான்கு வருஷம் தமிழ் படித்தவர். வேனில் ஏறியதும் ஆளுக்கொரு துணிப்பை கொடுத்தார்.

"எங்கள் தெருக்களில் குப்பைத்தொட்டி அதிகம் இருக்காது. குப்பையை அப்படியே விட்டுவிட்டுப் போவது இங்கே பெரிய தவறு. இந்தப் பையில் போட்டு எடுத்துச் செல்லுங்கள்."

"யாரு போட்ட குப்பைன்னு மேடம் சொல்லலையே" என்றார் பிச்சுமணி.

"சொல்லலைன்னா எல்லாக் குப்பையும்னுதான் அர்த்தம்" என்றார் ஞானப்பிரகாசம்.

முதலில் அருங்காட்சியகம். மண் ஈரமாக இருக்கும்போது கயிற்றை அழுத்தி வரிவரியாகக் கோலம் போட்ட பானைகள், முகம் பூராவும் கண்ணாக இருக்கும் மண்பொம்மைகள். ஹயாசகா ஒரு பானையின் முன் நின்று குரலைத் தாழ்த்தினார்.

"இறந்த குழந்தைகளை இப்படிப் பானையில் வைத்து வீட்டருகே புதைத்தார்கள். உங்கள் ஊரிலும் தாழிகள் இருக்கின்றன, அவற்றைக் காப்பதற்காகத்தான் நீங்கள் வருகிறீர்கள் என்று கலெக்டர் எழுதியிருந்தார். படித்ததும் எனக்கு மிகவும் மகிழ்ச்சி. உங்கள் தாழிகளுக்குள் என்னென்ன கிடைத்தன?"



"அது என் வார்டுல வராது" என்றார் தில்லைநாயகி.

ஹயாசகா அடுத்த அறைக்குப் போகுமுன், "எதையும் தொடாதீர்கள்" என்றார். அந்த நிமிஷத்திலிருந்து நால்வரும் கைகளைத் தலைக்கு மேலே தூக்கிக்கொண்டு நடந்தார்கள். படிக்கட்டில் இறங்கும்போது கைப்பிடியையும் தொடாததால் பிச்சுமணி எட்டுப் படி உருண்டார். விழுந்தவர் தரையில் கையூன்றி எழலாமா என்று கேட்டார். தரையும் 'எதையும்' என்பதில் அடங்கும் என்று செயலாளர் விளக்கம் கொடுத்ததால், ஹயாசகா வந்து தூக்கிவிடும்வரை அப்படியே கிடந்தார்.

மத்தியானம் பழங்காலத்து முறையில் கஷ்கொட்டை போட்ட மீன்சாறு வந்தது. அது ஆறி ஆடை கட்டும்வரை நால்வரும் கைதூக்கிப் பார்த்துக்கொண்டே இருந்தார்கள்.

"உணவு பிடிக்கவில்லையா?" என்று கவலையோடு கேட்டார் ஹயாசகா.

"ரொம்பப் பிடிச்சிருக்கு மேடம். தொடலாம்னு உத்தரவுதான் இன்னும் வரலை" என்றார் ஞானப்பிரகாசம்.

சாயங்காலம் குழிவீடு. தரையைத் தோண்டிக் கூரை வேய்ந்து அந்தக் காலத்து வீட்டைப் போலவே கட்டி வைத்திருக்கிறார்கள். வாசல் இடுப்பளவுதான். ஹயாசகா உள்ளே போய், "தலை குனிந்து வாருங்கள்" என்றார்.

வீரபாகு வெளியிலேயே நின்றுவிட்டார்.

"குனியறதா? போட்டோ எடுத்துப் போட்டுட்டான்னா என்ன ஆகும்?"

"வாசலை இடிக்கச் சொல்லலாமா தலைவரே?" என்றார் பிச்சுமணி.

"வந்த எடத்துல எதுக்கு வம்பு. தலைதானே குனியக்கூடாது. காலுக்கு அப்படி ஒண்ணும் கொள்கை இல்லையே."

வீரபாகு மண்ணில் மல்லாக்கப் படுத்தார். கால் முதலிலும் தலை கடைசியிலுமாக, வானத்தைப் பார்த்த முகத்தோடு வழுக்கிக்கொண்டு உள்ளே போனார். தலைவர் போன வழி கட்சி போகும் வழி என்று மற்ற மூவரும் அப்படியே போனார்கள். உள்ளே உட்கார்ந்திருந்த ஹயாசகா எட்டுக் கால்கள் தன்னை நோக்கி வருவதைப் பார்த்தார். பாவம், என்ன நினைத்தாரோ.

அங்கே தீ மூட்டும் பயிற்சி. பலகையில் குச்சியை நிறுத்தி ஒருவர் இரண்டு உள்ளங்கைகளாலும் கடைய வேண்டும்.

"ஒருத்தர்னா, யாரு?" என்று கேட்டார் தில்லைநாயகி.

எங்கள் பக்கத்து மேடைகளை நீங்கள் பார்த்திருப்பீர்கள். ஒரு குத்துவிளக்கை ஏற்ற ஒரு மெழுகுவத்தி, அந்த மெழுகுவத்தியைப் பிடிக்கப் பத்துக் கை. அதே மாதிரி நால்வரும் ஒரே குச்சியைப் பிடித்தார்கள். ஒருவர் இந்தப் பக்கம் திருப்ப, இன்னொருவர் அந்தப் பக்கம் திருப்ப, குச்சி ஒடிந்தது. மூன்று குச்சி ஒடிந்த பிறகு ஹயாசகாவே தீ மூட்டினார். விழா மலரில் 'தீயை மூட்டி வைத்தவர் தலைவர் வீரபாகு' என்று இருக்கிறது.

மறுநாள் காலை சிப்பி மேட்டுக்குப் போனார்கள். ஆராய்ச்சிக்காக ஒரு பக்கம் வெட்டி, சுற்றிக் கயிறு கட்டியிருந்தது. வெட்டிய சுவரில் சிப்பியும் மீன்முள்ளும் பானைத் துண்டும் அடுக்கடுக்காகத் தெரிந்தன.

"ஐயாயிரம் வருஷத்துக்கு முன்னால் இங்கே வாழ்ந்தவர்கள் தின்றுவிட்டுப் போட்டவை" என்றார் ஹயாசகா. "சுருக்கமாகச் சொன்னால், இது அவர்களுடைய குப்பை." மதியச் சாப்பாட்டுக்குச் சொல்லி வைக்க ஃபோனை எடுத்துக்கொண்டு அவர் தள்ளிப் போனார்.

நால்வரும் தலையோடு தலையைச் சேர்த்துக்கொண்டார்கள்.

"கேட்டீங்களா. குப்பையாம்" என்றார் பிச்சுமணி.

"ஐயாயிரம் வருஷமா ஒருத்தரும் எடுத்துட்டுப் போகலை" என்றார் வீரபாகு. "இவ்வளவு சுத்தமான நாட்டுல இப்படி ஒரு எடம்."

"மேடத்துக்கு வெக்கம். அதான் சொல்லிட்டு நிக்காமப் போயிட்டாங்க" என்றார் தில்லைநாயகி.

"வெக்கமா இருந்தா ஏன் கூட்டிட்டு வந்து காட்டணும்?" என்றார் ஞானப்பிரகாசம்.

"வாயைத் திறந்து அள்ளிட்டுப் போங்கன்னு விருந்தாளிகிட்டச் சொல்ல முடியுமா அண்ணே? அதான் நேத்தே பையைக் குடுத்து ஜாடை காட்டிட்டாங்க."

வீரபாகுவுக்குக் கண் கலங்கிவிட்டது. ஒரு நாடு தன்னை நம்பி ஒரு பொறுப்பைக் கொடுத்தது அவருக்கு அதுதான் முதல் தடவை. தீர்மானம் முன்மொழியப்பட்டது, வழிமொழியப்பட்டது. நால்வரும் கயிற்றைத் தாண்டினார்கள். பதினோரு வருஷத்தில் எங்கள் ஊருக்காக ஒரு கூடை மண் தூக்கியிராத கைகள் கால் மணி நேரத்தில் நான்கு பையை நிரப்பின. தில்லைநாயகி முந்தானையிலும் முடிந்துகொண்டார்.

வாசலில் ஒரு வயதான காவலாளி. பிச்சுமணி நடக்க நடக்கப் பை கலகலவென்றது. காவலாளி இரண்டு கையாலும் பணிவாகப் பையை வாங்கித் திறந்தார். திறந்தவர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

ஓடிவந்த ஹயாசகாவுக்கு முகத்தில் ரத்தம் இல்லை.

"எதை எந்த அடுக்கிலிருந்து எடுத்தீர்கள்? நினைவிருக்கிறதா? தயவுசெய்து சொல்லுங்கள்."

"மேல கொஞ்சம், கீழ கொஞ்சம்" என்றார் வீரபாகு. "பாரபட்சம் பாக்கலை மேடம். நாளைக்கு ஒரு நாள் விட்டீங்கன்னா மிச்சத்தையும் முடிச்சிருவோம்."

அதிகாரிகள் வந்தார்கள். ஜப்பானிய மொழியில் ஒரு மன்னிப்புக் கடிதத்தை நீட்டிக் கையெழுத்துக் கேட்டார்கள். வருகைப் பதிவேடு என்று நினைத்து நால்வரும் 'மிக்க மகிழ்ச்சி, சேவை தொடரட்டும்' என்று எழுதிக் கொடுத்தார்கள். ஹயாசகா காவலாளியின் முன்னால் இடுப்பு வரை குனிந்து நெடுநேரம் நிமிரவில்லை. இவ்வளவு பணிவான பெண்ணைப் பார்த்ததில்லை என்று வீரபாகு அவருக்குப் பொன்னாடை போர்த்தினார்.

அதற்குப் பிறகு எந்த இடத்துக்குப் போனாலும் நுழையும்போது ஒரு முறை, வெளியே வரும்போது ஒரு முறை இவர்கள் பைகளைச் சோதித்தார்கள். சுற்றுலாவின் கடைசி நாளில் ஹயாசகா, பொறுமையின் மிச்சத்தைத் திரட்டி, எங்கள் ஊருக்கு எது தேவையோ அதையே அரைமணி நேரம் சொன்னார். அவர்கள் நின்ற பழங்கால ஊர் நிலத்தில் ஒரு காலத்தில் கட்டடம் வர இருந்ததாம். மக்கள் திரண்டு வேண்டாம் என்றார்களாம். வேலையை நிறுத்தி, நிலத்தை ஊரே எடுத்துக்கொண்டு, இன்றுவரை ஊர்க்காரர்களே முறை வைத்துப் புல் வெட்டுகிறார்களாம்.

இவர்கள் கேட்கவில்லை. காவலாளி பை சோதிப்பதையே கண்கொட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார்கள். காக்க அவர்கள் என்ன செய்கிறார்கள் என்பது கண்ணெதிரே நடக்கும்போது காதால் கேட்பானேன்?

அறிக்கை ஒரே வரி: 'ஜப்பானில் பைகளைச் சோதிக்கிறார்கள்.'

கலெக்டர் மாற்றலாகிப் போகிற அவசரத்தில் இருந்தார். அறிக்கையின்படி செய்வேன் என்று வாக்குக் கொடுத்தவர், அறிக்கையின்படியே செய்தார். தாழிமேட்டிலிருந்து வெளியே போகும் பைகள் அனைத்தையும் பாரம்பரியக் குழு சோதிக்க வேண்டும் என்று உத்தரவு வந்தது. வேறு தடை எதுவும் அதில் இல்லை; பழைய தடையும் அதோடு தீர்ந்தது. மறுநாள் விடிந்ததும் லாரிகள் வந்தன.

குழுவினர் பந்தல் போட்டு, குறுக்குக் கம்பு கட்டி, வாசலில் உட்கார்ந்தார்கள். மேட்டைப் பார்க்க வந்த பள்ளிப் பிள்ளைகளின் ஜாமெட்ரி பாக்ஸைக்கூடத் திறந்து பார்த்தார்கள். லாரி வந்தால் கம்பைத் தூக்கினார்கள்.

நாங்கள் போய்க் கேட்டோம்: "யோவ், லாரியில தாழி தாழியாப் போகுதே, கண்ணு தெரியலையா?"

"லாரியில பை இருக்கா?" என்றார் வீரபாகு.

"இல்லை."

"அப்புறம் எதைச் சோதிக்கச் சொல்றீங்க?"

உத்தரவை எடுத்து 'பைகள்' என்ற இடத்தில் விரலை வைத்துக் காட்டினார் ஞானப்பிரகாசம். தில்லைநாயகி வழிமொழிந்தார்.

ஆறு வாரத்தில் மேடு பள்ளமாகிவிட்டது. கடைசி லோடு போன அன்று லாரியில் மண்ணுக்கு மேலே பதினொரு தாழிகளின் வாய் தெரிந்தது. அந்த லாரியை மட்டும் வீரபாகு கைகாட்டி நிறுத்தினார். இப்போதாவது புத்தி வந்ததே என்று, ரோட்டோரம் உட்கார்ந்திருந்த நாங்கள் எழுந்து நின்றோம்.

டிரைவர் சீட்டுக்குப் பக்கத்தில் ஒரு மஞ்சப்பை தொங்கிக்கொண்டிருந்தது.

அதை இறக்கினார்கள். உள்ளே தூக்குவாளி. திறந்தார்கள். தயிர்சாதம். அடியில் பானைத் துண்டு ஏதாவது இருக்கிறதா என்று பிச்சுமணி விரலை விட்டுத் துழாவினார். ஒரு மாவடுதான் அகப்பட்டது. அதை நால்வரும் வெயிலில் தூக்கிப் பிடித்துப் பார்த்துவிட்டுத் திரும்பப் போட்டார்கள்.

"கடமை தம்பி, தப்பா நினைக்காதீங்க" என்று சொல்லி வீரபாகு கம்பைத் தூக்கினார்.

லாரி கிளம்பிய குலுக்கலில் ஒரு தாழி உடைந்து, சில்லு ஒன்று ரோட்டில் விழுந்தது. ஞானப்பிரகாசம் பதறிப்போய் அதை எடுத்துக்கொண்டு, அறுபத்தேழு வயதில் மூச்சிரைக்க லாரிக்குப் பின்னால் ஓடி, நிறுத்தி, ஜன்னல் வழியாக டிரைவரிடம் நீட்டினார்.

"இந்தாங்க தம்பி, உங்களோடது. கையிலயே வச்சுக்கங்க. பையில மட்டும் போட்டுறாதீங்க."