எந்த வார்டு?

ஓசி பஜ்ஜியை மென்றுகொண்டே கவுன்சிலர் வேதாசலம் அதட்டினார்: “இது என் வார்டு! நாளைக்கே உன் தள்ளுவண்டி இங்கிருந்து போயாகணும்.”

“வார்டுன்னா என்னங்க?” என்று கேட்டாள் பஜ்ஜி போடும் தெய்வானை.

“இங்கிலீஷ் தெரியாத உனக்கு எதுக்கு?”

அவள் அடுத்த பஜ்ஜியைப் பழைய ஆங்கில–தமிழ் அகராதித் தாளில் வைத்து நீட்டினாள். “இதுல போட்டிருக்கு. சத்தமாப் படிங்க.”

பஜ்ஜி வாங்க நின்ற கூட்டம் பார்க்க, கவுன்சிலர் பெருமையாகப் படித்தார். “வார்டு: பழைய வழக்கில் காவல், பாதுகாப்பு. சிறைச்சாலையின் ஒரு பகுதி.”

“நீங்க எந்த வார்டுக்குக் கவுன்சிலர்? பாதுகாப்புக்கா, ஜெயிலுக்கா?”

கூட்டம் கொல்லென்று சிரித்தது.

“பாதுகாப்புக்குத்தான்” என்று முனகினார்.

“அப்ப என் வண்டிக்கு நீங்கதான் காவல். கொஞ்சம் தள்ளி நில்லுங்க, காசு கொடுக்கிறவங்க வரட்டும்!”