மோர் வராத விருந்து

வெகு வெகு காலத்துக்கு முன்னே, கடலில் உப்பைக் கொட்டிய ஆள் இன்னும் கைகூடக் கழுவாத அந்தக் காலத்தில், முத்துக்கரை என்றொரு நாடு இருந்தது. அதை ஆண்டவள் அரசி ஆதிரை. வாள் வீசுவாள், வழக்குத் தீர்ப்பாள், எல்லாம் செய்வாள். அயல்நாட்டுப் பயணம் என்றால் மட்டும் வேப்பங்காயாகக் கசக்கும்.

கசந்தால் விட முடியுமா? அரசர் என்று ஆகிவிட்டால் நாலு நாட்டுக்குப் போகவேண்டும், விருந்து சாப்பிடவேண்டும், பல் வலிக்கச் சிரிக்கவேண்டும். முத்துக்கரைக் கப்பல்கள் தடையில்லாமல் போய்வர மூன்று ராஜாக்களின் நட்பு தேவைப்பட்டது. அப்போதுதான் தவழ ஆரம்பித்திருந்த மகள் பூவாளைக் கணவன் நம்பியின் இடுப்பில் வைத்துவிட்டு ஆதிரை கப்பலேறினாள்.

முதல் நாட்டில் யானைகள் அணிவகுத்தன. கொட்டாவியை அடக்கிக்கொண்டு பார்த்தாள். இரண்டாம் நாட்டில் புலவர்கள் அவள் மூக்கைப் பற்றி மட்டுமே ஒரு பொழுது பாடினார்கள். பொறுத்துக்கொண்டாள். மூன்றாவது, சந்தனத்தீவு. அதன் ராஜா கடம்பவேந்தன் பெரிய மந்திரவாதி.

"தாயே, அவர் எதைக் கொடுத்தாலும் வாங்கிக்குங்க," என்று கப்பலிலேயே மந்திரி காதைக் கடித்தார். "ஆனா வாய் தவறிக்கூட நம்ம ஊருக்குக் கூப்பிட்டுடாதீங்க. மந்திரக்காரரை வீட்டுக்குள்ள விடலாமா?"

"சரி," என்றாள் ஆதிரை.

அரண்மனைக் கூடத்தில் பந்திப்பாய். ஏற்கெனவே வேறு இரண்டு ராஜாக்கள் உட்கார்ந்திருந்தார்கள். ஒருவர் தாடி இலையைத் தொட்டது, இன்னொருவர் தாடி பாயைத் தாண்டிக் கிடந்தது. ஆதிரை மூன்றாவதாக அமர, எதிரே கடம்பவேந்தன் அமர்ந்தார். சாம்பார் வந்தது, ரசம் வந்தது, பாயசம் வந்தது. மோர்க்குடத்தோடு ஒரு பெண் வாசற்படியில் கால் வைத்தாள். உடனே ராஜா, "இன்னும் கொஞ்சம் சாம்பார்!" என்றார். இலைகள் புது இலைகளாயின. மறுபடி சாம்பார், மறுபடி ரசம், மறுபடி பாயசம்.

வயிறு நிறையவில்லை, பசியும் எடுக்கவில்லை. அதுதான் மந்திரம். பந்தியில் ஒருவர் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது பக்கத்தில் இருப்பவர் எழுந்துவிட்டால் அது எத்தனை பெரிய அவமரியாதை! அந்த மரியாதையையே விலங்காகப் போட்டுவிட்டார் மனுஷன். எழப் பார்த்தால் கால் பாயோடு ஒட்டிக்கொண்டது.

"நான் கிளம்பணும் ராஜா," என்றாள் ஆதிரை.

"என்ன அவசரம்? மோர் இன்னும் வரலையே."

துறைமுகத்தில் அவள் கப்பலும் ஆட்களோடு தூங்கிப்போனது. வெளியே மழை வந்தது, வெயில் வந்தது, மறுபடி மழை வந்தது. ஒருநாள் ஜன்னலில் ஒரு காகம் வந்து உட்கார்ந்தது. தன் சோற்றில் ஒரு பிடியை ஆதிரை அதற்கு வைத்தாள். காகம் தின்றுவிட்டுப் பேசியது.

"நான் முத்துக்கரைக் காக்கா. உன் வீட்டுக் கூரையிலதான் கத்துவேன். கத்தினா ஆள் வரும்னு உன் புருஷன் ஓடிவந்து கடலைப் பார்ப்பான். உன் பொண்ணு நடக்குது, தெரியுமா?"

"நடக்குறாளா?" ஆதிரை கடம்பவேந்தன் பக்கம் திரும்பினாள். "ராஜா, நான் கிளம்பணும்."

"என்ன அவசரம்? மோர் இன்னும் வரலையே."

மழை போய் மழை வந்தது. காகமும் வந்தது. "உன் பொண்ணு பேசுது. நான் கத்தினா 'அம்மா வருது'ன்னு துறைக்கு ஓடுது."

"ராஜா, கால்ல விழுறேன். நான் கிளம்பணும்."

"என்ன அவசரம்? மோர் இன்னும் வரலையே."

பிறகு எத்தனை மழை போயிற்றோ. காகம் வந்தது, ஆனால் சோற்றைத் தொடவில்லை.

"என்ன சேதி?" என்றாள் ஆதிரை.

"இப்பல்லாம் நான் கத்தினா உன் பொண்ணு நிமிர்ந்துகூடப் பாக்குறதில்ல."

ஆதிரையின் கண்ணீர் இலையில் விழுந்தது. அரசி என்பதையெல்லாம் மறந்து, தாயாக, வாய்விட்டு அழுதாள். கடம்பவேந்தன் பதறிப்போனார்.

"காரமா? ரசத்துல மிளகு தூக்கலா?"

அந்தக் கேள்வியில் கேலி இல்லை. ஆதிரை முதன்முறையாக அவரை நன்றாகப் பார்த்தாள். மோர்க்குடம் வாசலுக்கு வரும்போதெல்லாம் அவர் பாயின் ஓரத்தை இறுகப் பிடித்துக்கொள்வது இப்போதுதான் அவள் கண்ணில் பட்டது.

"ராஜா, உங்களை யாராவது அவங்க வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டிருக்காங்களா?"

கடம்பவேந்தன் இலையைப் பார்த்தார். "வருவாங்க. சாப்பிடுவாங்க. பிரமாதம்பாங்க. 'நீயும் ஒரு நாள் வா'ன்னு ஒருத்தர் வாயிலயும் வரல. மோர் வந்தா எழுந்து போயிடுவீங்க. அப்புறம் இந்தக் கூடத்துல நான் மட்டும்தான்."

தாடி ராஜாக்கள் இருவரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். மந்திரி சொன்னதைத்தானே எல்லா நாட்டு மந்திரிகளும் சொல்லியிருப்பார்கள்? ஆதிரைக்கும் வெட்கமாக இருந்தது.

"எங்க வீட்டுக்கு வாங்க ராஜா," என்றாள்.

"என்னையா? பயமா இல்ல?"

"பயமாத்தான் இருக்கு. இருந்தாலும் வாங்க. உங்களுக்கு எங்க ஊர் கருவாட்டுக் குழம்பு வைக்கிறேன்."

கடம்பவேந்தன் வாசல் பக்கம் திரும்பி, "மோர் கொண்டாம்மா," என்றார். சாப்பிட்டு முடித்து இலையைத் தன் பக்கமாக மடித்தார். கால்கள் விடுபட்டன, துறைமுகத்தில் கப்பலும் விழித்துக்கொண்டது. தாடி ராஜாக்கள் முட்டியைப் பிடித்துக்கொண்டு, "ஊருக்குப் போனதும் ஆள் அனுப்புறோம், அவசியம் வரணும்," என்று சொல்லிவிட்டே கிளம்பினார்கள்.

ஆதிரையின் கப்பலிலேயே கடம்பவேந்தனும் ஏறினார். அவருக்கு அதுதான் முதல் பயணம், வழியெல்லாம் வாந்தி.

கப்பலில் பறந்த சந்தனத்தீவுக் கொடியைத் தூரத்திலேயே பார்த்துவிட்டு, முத்துக்கரைத் துறையில் அயல்நாட்டு ராஜா வருகிறார் என்று தோரணம் கட்டியிருந்தார்கள். ஆரத்தித் தட்டோடு ஏழெட்டு வயதுப் பெண்ணொருத்தி முன்னால் நின்றாள். பின்னால் நின்ற நம்பிக்கு ஆதிரையைக் கண்டதும் கண் வழிந்தது. அது தெரியாத பூவாள், பாடம் பண்ணியதைக் கணீரென்று சொன்னாள்.

"விருந்தாளிகள் ரெண்டு பேரும் வரணும், வரணும்! எங்க நாட்டுல எத்தனை நாள் தங்குவீங்க?"

கடம்பவேந்தன் குனிந்து அந்தத் தட்டை மெல்லத் தன் கையில் வாங்கிக்கொண்டார்.

"கண்ணு, விருந்தாளி நான் மட்டும்தான். இவங்க வீட்டுக்காரங்க."

பூவாள் நிமிர்ந்து ஆதிரையைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். தட்டுப் போய்க் காலியாகிவிட்ட இரண்டு கைகளையும் என்ன செய்வதென்று தெரியாமல் மெதுவாக மேலே தூக்கினாள், கைக்குழந்தைகள் தூக்கச் சொல்லி நீட்டுமே, அப்படி.

ஆதிரை தூக்கிக்கொண்டாள். கனத்தாள் பிள்ளை. ஆனாலும் அரண்மனை வரைக்கும் இறக்கிவிடவில்லை. அவள் பிறகு எந்த நாட்டுக்குப் போனாலும் மகளும் கூடவே போனாள். அவர்கள் நலமாக இருந்தார்கள், இதைக் கேட்ட நீங்களும் அப்படியே இருங்கள்.