கரடி வீட்டுப் புகைபோக்கி

ஒரு காட்டில், மேகம் இறங்கி வந்து வாசலில் படுத்துக்கொள்ளும் மலைமேட்டில், ஒரு கரடி வீடு கட்டியிருந்தது பிள்ளைகளா. சுவர் உண்டு, கூரை உண்டு, அடுப்பு உண்டு. புகை வெளியே போக மட்டும் வழி இல்லை.

குளிருக்குக் கதவைச் சாத்தி அடுப்பை மூட்டினால் வீடெல்லாம் புகை. குட்டிகள் இரண்டும் இருமின. சின்னதற்கு இருமி இருமிப் பால்கூட உள்ளே நிற்கவில்லை. அடைமழை பிடிப்பதற்குள் ஒரு புகைபோக்கி வையுங்கள் என்று சொல்லிச் சொல்லிப் பெண் கரடிக்கு வாய் ஓய்ந்தது.

ஆண் கரடி நல்லதுதான். யார் எது சொன்னாலும் தலையாட்டிவிடும், அதுதான் தொல்லை.

மரங்கொத்திக்கு எதிலும் அவசரம். கல்லைத் தேடிக்கொண்டு நிற்பானேன், குடைந்த மரத்தண்டு ஒன்றைக் கூரையில் செருகினால் பொழுது சாய்வதற்குள் வேலை முடிந்தது என்றது. கரடி தலையாட்டியது. அன்றைக்கே தண்டு தீப்பிடித்துக் கூரையில் பாதி போனது. குடம் குடமாய்த் தண்ணீர் ஊற்றி அணைத்த பெண் கரடி, கரி அப்பிய முகத்தோடு திரும்பியது.

"புகை போக வழி கேட்டேன். வீடு போகவா கேட்டேன்?"

அடுத்து வந்தது நீர்நாய். அதற்குப் பெருமை அதிகம். ஆற்றுக்குள் கிடக்கும் உருண்டைக் கல்லைப் போல உறுதி உலகத்திலேயே கிடையாது என்றது. கரடி தலையாட்டியது. முதுகு ஒடியச் சுமந்து வந்து, ஈரம் சொட்டச் சொட்ட வாசலில் குவித்தது.

பெண் கரடி கல்லைப் பார்த்தது, புருஷனைப் பார்த்தது. பிறகு நீர்நாயிடம் கேட்டது:

"அண்ணே, இது வெள்ளத்தைப் பார்த்த கல்லு. நெருப்பைப் பார்த்திருக்கா?"

"எத்தனை வெள்ளம் தாங்கின கல்லும்மா. உன் அடுப்பு என்ன பெரிய அடுப்பு?"

"அப்போ ஒண்ணை அடுப்புக்குள்ள போடுறேன். கஞ்சி கொதிக்கிற வரைக்கும் பக்கத்துல உட்காருங்க."

நீர்நாய்க்கு உடனே கரையில் காயப்போட்ட மீன் ஞாபகம் வந்தது. வாசற்படி வரைக்கும் பின்வாங்கியே நகர்ந்தது. சிநேகிதனுக்குத் தலைகுனிவு ஆகிவிடுமே என்று, ஆண் கரடி தானே போய் அடுப்போரம் உட்கார்ந்தது. பெண் கரடி தலையில் அடித்துக்கொண்டு, கல்லைத் தீக்குள் தள்ளிவிட்டு, குட்டிகளைத் தூக்கிக்கொண்டு வெளியே போனது.

கஞ்சி கொதிக்கும் முன்னே, கல்லுக்குள் ஊறிக் கிடந்த ஈரம் கொதித்தது. படீரென்று கல் வெடித்தது. சட்டி உடைந்தது. கரடியின் மூக்கில் ஒரு சில்லு.

மறுநாள் கரடி யாரையும் யோசனை கேட்கவில்லை. மலையடிவாரத்தில் எவரோ விட்டுப்போன சூளைக்குப் போய், நன்றாக வெந்த செங்கல் ஒன்றை எடுத்து வந்தது. ஒருவரும் சொல்லாமலே அதை அடுப்பில் போட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தது. கஞ்சி கொதித்து, ஆறி, குட்டிகள் குடித்தும் ஆயிற்று. செங்கல் அப்படியே கிடந்தது. பெண் கரடி செங்கல்லை அடுக்கிப் பூசப் புற்றுமண்ணைக் குழைக்க எழுந்தது.

அடைமழை பிடித்தபோது செங்கல் புகைபோக்கி வழியே புகை நேராக மேலே போய்க்கொண்டிருந்தது. நீர்நாய் எட்டிப் பார்த்து, தன் கல்லாக இருந்தால் இன்னும் பளபளப்பாக இருந்திருக்கும் என்றது.

"இருந்திருக்கும் அண்ணே. வாசலெல்லாம் சேறு, அந்தக் கல்லை அங்கே பதிச்சுக் குடுத்துட்டுப் போங்க. மெதுவாப் பேசுங்க, சின்னது தூங்குது."

நீதி: உறுதியானது எது என்று ஊரைக் கேட்டால் போதாது; நம் வேலைக்கு அது தாங்குமா என்று நாமே சோதித்துப் பார்க்க வேண்டும்.